ஆரஞ்சு வந்த வழி

1

இது கதையாகத் தொடங்கவில்லை. துண்டறிக்கையாகத் தொடங்கியது.

"ரெண்டே பக்கம் போதும் மாப்ள," என்றார் மாமனார். "மொதப் பக்கத்துல ஆரஞ்சு எங்கேருந்து வந்துச்சுன்னு எழுதுங்க. ரெண்டாவது பக்கத்துல நோய் எங்கேருந்து வந்துச்சுன்னு எழுதுங்க. வியாழக்கெழம கூட்டத்துல தோட்டக்காரங்க எல்லாருக்கும் குடுத்துரலாம். நீங்க படிச்சவரு. உங்களுக்கு எவ்வளவு நேரம் ஆயிடப் போகுது."

ஒன்பது நாள் ஆகிவிட்டது. முதல் பக்கம் பதினான்கு பக்கமாக வளர்ந்திருக்கிறது. இரண்டாம் பக்கத்தில் தலைப்பு மட்டும் இருக்கிறது. நாளை வியாழன்.

இரண்டாம் பக்கத்தில் எழுத வேண்டியது ஒரே ஒரு வரி. நோய் பிடித்த மொட்டை இந்த நாற்றுப்பண்ணைக்குள் கொண்டுவந்தவர் யார் என்கிற வரி. யார் என்று மாமனார் சொல்லிவிட்டார். அவர் சொன்னது தவறு. சரியான ஆளை ஒருவனுக்கு மட்டும்தான் தெரியும். அவன்தான் இதை எழுதிக்கொண்டிருக்கிறான்.

எழுதுகிறவனும் கதையில் வருகிறவனும் ஒரே ஆள். அதை உங்களிடம் மறைக்கவில்லை. ஆனால் 'நான்' என்று எழுதினால் பேனா அடுத்த சொல்லுக்கு நகர மறுக்கிறது. அதனால் இதில் 'நான்' கிடையாது. அவனை மாப்பிள்ளை என்றே சொல்லிக்கொள்வோம். பண்ணையில் எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். அவனை மாப்பிள்ளை ஆக்கியவள் இறந்து இரண்டு வருடம் ஆகப்போகிறது. பதவி போன பிறகும் பட்டம் போகவில்லை.

2

துண்டறிக்கைக்கு மூன்று தொடக்கங்கள் எழுதப்பட்டன. மூன்றையும் அடிக்காமல் விட்டிருக்கிறான்.

முதல் தொடக்கம்: "எண்பது லட்சம் ஆண்டுகளுக்கு முன்பு, உலகின் மிக உயரமான மலைகளின் தென்கிழக்கு அடிவாரத்தில்——"

[எண்பது லட்சம் ஆண்டு பின்னால் போனால் இந்த வருடத்துக்குத் திரும்பி வர நாளாகும். அதற்காகவே போனான். அது தெரிந்ததும் பேனாவை வைத்தான்.]

இரண்டாம் தொடக்கம்: "உலகத்தில் முதலில் ஆரஞ்சு என்று ஒரு பழமே இல்லை. தோல் கழன்று வரும் சின்னப் பழம் ஒன்று இருந்தது. தலையளவு பருத்த பம்பளிமாஸ் இருந்தது. சதையைவிடத் தோல் தடித்த நாரத்தை வகை ஒன்று இருந்தது. இன்று நாம் உரிப்பதும் பிழிவதும் ஊறவைப்பதும் பெரும்பாலும் இந்த மூன்றின் வாரிசுகளே. சின்னப் பழமும் பம்பளிமாஸும் சேர்ந்து ஆரஞ்சு. கசக்கும் ஆரஞ்சும் நாரத்தையும் சேர்ந்து பெரிய எலுமிச்சை. யாரும் பெண் பார்த்து முடிக்கவில்லை. தேனீ முடித்து வைத்தது. காட்டில் போய்த் தேடினால் இனிப்பு ஆரஞ்சு கிடைக்காது. அதற்குக் காடு கிடையாது. மனிதன் கையிலேயே பிறந்து மனிதன் கையிலேயே ஊர் ஊராகப் போன பழம் அது."

[இது நன்றாக இருந்தது. மாமனாருக்குப் பிடிக்கும். ஆனால் 'மனிதன் கை' என்று எழுதியதும் எந்தக் கை என்ற கேள்வி வந்தது.]

மூன்றாம் தொடக்கம்: "நமது பண்ணைக்கு நோயைக் கொண்டுவந்தவர்——"

[இதற்கு மேல் இல்லை.]

3

பண்ணையைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக முடியாது.

விதை போட்டு வளர்த்த முரட்டு எலுமிச்சை நாற்று பென்சில் கனம் வந்ததும், தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில் பட்டையைக் கீறுவார்கள். நல்ல ஆரஞ்சு மரத்தின் குச்சியிலிருந்து ஒரு மொட்டைச் சீவி எடுத்துக் கீறலுக்குள் செருகி, பிளாஸ்டிக் நாடாவால் சுற்றிக் கட்டுவார்கள். மூன்று வாரம் காத்திருந்து நாடாவை அவிழ்த்து, மொட்டின் அடியில் மிச்சமிருக்கும் இலைக்காம்பை விரலால் தொடுவார்கள். தொட்டதும் உதிர்ந்தால் மொட்டு பிடித்துவிட்டது. காய்ந்து ஒட்டிக்கொண்டே இருந்தால் செத்துவிட்டது.

குச்சி கொடுக்கும் நல்ல மரங்களுக்குத் தாய்மரம் என்று பெயர். நாற்பத்து நான்கு இருந்தன. பூச்சி நுழையாத வலைக்குடிலுக்குள், இரட்டைக் கதவுக்குப் பின்னால், பெரிய தொட்டிகளில் நின்றன. வெளிக்குச்சி எதுவும் அந்தக் கதவைத் தாண்டக் கூடாது. இது முதல் சட்டம்.

இரண்டாவது சட்டம் தகடு. ஒட்டுக் கட்டிய ஒவ்வொரு செடியிலும் ஒரு சின்ன அலுமினியத் தகடு தொங்கும். ஆணியால் தேதியைக் கீறி, கட்டியவரின் அடையாளத்தையும் கீற வேண்டும். மாமனாருக்கு ஒரு நேர்க்கோடு. அவர் மகளுக்கு வட்டத்துக்குள் ஒரு புள்ளி. வந்து சேர்ந்த மாப்பிள்ளைக்குப் பெருக்கல் குறி.

"செடி யாருக்குப் போகுதுங்கறது பில்லுல இருக்கும்," என்று மாமனார் முதல் நாளே சொன்னார். "தகட்டுல இருக்கறது வேற. நாளைக்கு ஏதாச்சும்னா யாரு காதைத் திருகணும்கறது."

மாப்பிள்ளை கட்டியதில் பாதிக்குமேல் பிடிக்காது. தண்ணீர் விடுகிற அம்மா ஒருவர் இருக்கிறார். எல்லோருக்கும் அவர் தண்ணியம்மா. வாய் அவருடைய குழாயைவிட நீளம்.

"பெருக்கல் குறி போட்டதெல்லாம் பெருக்கித் தள்றதுக்குத்தான் தம்பி," என்பார். "உங்க கைல மொட்டு தூங்குது. பாப்பா கைல பாருங்க, பட்டனப் போட்ட மாதிரி உக்காருது."

பாப்பா என்பது அவள். பண்ணைக்கே பாப்பா. புள்ளி வைக்கும்போது ஆணியை அழுத்தி ஒரு சுழற்றுச் சுழற்றுவாள். தகடு ஓட்டையாகிவிடும். "தகடு என்ன பாவம் பண்ணுச்சு," என்று மாமனார் திட்டுவார். அவள் மாற்றிக்கொள்ளவில்லை.

4

(துண்டறிக்கையின் ஒன்பதாம் பக்கத்திலிருந்து. இங்கே தேவையா என்று தெரியவில்லை. அவனுக்குத் தேவைப்படுகிறது.)

முதலில் மேற்கே போனது நாரத்தை. சாப்பிட அல்ல, மணத்துக்கும் மருந்துக்கும். நெடுங்காலம் கழித்துக் கசப்பு ஆரஞ்சும் எலுமிச்சையும் வணிகர்களோடு பாலைவனம் கடந்தன. இனிப்பு ஆரஞ்சு பிந்தித்தான் கடல் கடந்தது. ஈறு வீங்கி, பல் ஆடி, கப்பலிலேயே செத்த மாலுமிகள் ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். எலுமிச்சையும் ஆரஞ்சும் தின்றவர்கள் பிழைத்தார்கள். ஏன் என்று தெரியாமலேயே பிழைத்தார்கள். அதன்பின் கப்பல் நின்று போகிற கரைகளில் மரம் நட்டார்கள்.

தொப்புள் ஆரஞ்சு என்று ஒன்று உண்டு. விதை கிடையாது. ஏதோ ஒரு மரத்தின் ஒரு கிளை தப்பாகக் காய்த்ததில் வந்தது. விதையில்லாததால் மொட்டு எடுத்துத்தான் பெருக்க முடியும். உலகத்தில் எங்கே நீங்கள் தொப்புள் ஆரஞ்சு தின்றாலும் அந்த ஒரே கிளையைத்தான் தின்கிறீர்கள்.

இத்தனை பயணத்திலும் ஓர் ஆள் இருந்திருக்கிறான். விதையை இடுப்பில் முடிந்தவன், குச்சியை ஈரத்துணியில் சுற்றியவன். அவன் யார் என்று எந்தப் புத்தகத்திலும் இல்லை. வரலாற்றில் தகடு கட்டுகிற வழக்கம் கிடையாது.

* ஈரத்துணி. இந்தச் சொல்லைப் பதினான்கு பக்கத்தில் ஐந்து இடத்தில் எழுதியிருக்கிறான். மாமனார் வாசித்தால் கவனிப்பாரா என்று யோசித்தான். கவனிக்க வேண்டும் என்று நினைத்தானா, கூடாது என்று நினைத்தானா என்பது அவனுக்கே தெளிவில்லை.

5

ஆஸ்பத்திரி அறை இரண்டாம் மாடியில். ஜன்னலுக்குக் கீழே பம்பு அறை. பம்பு அறைக்குப் பின்னால் ஓர் ஆரஞ்சு மரம்.

மருந்தால் அவளுக்கு நாக்கு செத்துப்போயிருந்தது. ஆறு வாரமாக எதைத் தின்றாலும் காகிதம் மெல்கிற மாதிரி இருக்கிறது என்றாள். பம்பு இயக்குகிறவர் ஒரு பழம் கொடுத்தார். மாப்பிள்ளை உரித்துக் கொடுத்தான். ஒரு சுளையை வாயில் போட்டாள். ஒரு கண் தானாக மூடிக்கொண்டது.

"புளிக்குது."

"சரி, குடு. வேற வாங்கிட்டு வரேன்."

"ஏய், புளிக்குதுடா. தெரியுது." இன்னொரு சுளையை எடுத்தாள். "அய்யோ, என்னா புளிப்பு. நல்லா இருக்கு."

இரண்டு சுளைக்குமேல் போகவில்லை. மிச்சத்தை ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள். அது அவள் தொழில். படுத்துக்கொண்டும் விடமாட்டாள்.

"இது ஒரு பக்கம் சப்பையா இருக்கு. அடிப்பக்கம் பச்சை போகல. விதையப் பாரு, கறுத்துச் சூம்பிக் கெடக்கு. இலை எப்படி இருந்துச்சு?"

"மஞ்சளா இருந்துச்சு. சத்து பத்தல போல."

"நடுநரம்புக்கு ரெண்டு பக்கமும் ஒரே மாதிரி மஞ்சளா? இல்ல ஒரு பக்கம் ஒரு மாதிரி, இன்னொரு பக்கம் வேற மாதிரியா?"

"கவனிக்கல."

"நாலு வருஷம் பண்ணையில குப்பை கொட்டிட்டு கவனிக்கலையாம்." சிரித்தாள். பிறகு சிரிக்காமல் சொன்னாள். "கேட்டுக்க. பழம் கொண்டா, எத்தனை வேணா தின்றேன். குச்சி கொண்டாராத. அந்த மரத்துக் குச்சி நம்ம கதவைத் தாண்டக் கூடாது. என்ன?"

"சரி."

[இந்தச் 'சரி'க்குப் பிறகு ஒரு பத்தி இருந்தது. மனைவி ஆசைப்பட்டதைச் செய்ய நினைக்கும் கணவனின் மனநிலை பற்றியது. நன்றாகவே எழுதப்பட்டிருந்தது. எடுத்தாயிற்று.]

* சத்துக் குறைந்தால் இலையின் இரு பாதியும் ஒரே மாதிரி மஞ்சளாகும். இந்த நோய் வந்தால் இரு பாதியும் பொருந்தாது. நோய்க்குக் கிரீனிங் என்று பெயர். மருந்து கிடையாது. பழத்தில் இனிப்பு ஏறாது, புளிப்பு ஏறும். ஆறு வாரத்தில் அவள் நாக்குக்கு எட்டிய ஒரே ருசி அந்த நோயின் ருசி. இது மாப்பிள்ளைக்குப் பிறகுதான் தெரிந்தது.

6

இரண்டு சிகிச்சைகளுக்கு இடையில் அவளைப் பதினொரு நாள் வீட்டுக்கு அனுப்பினார்கள். நான்காம் நாள் பண்ணையைப் பார்க்க வேண்டும் என்றாள். மண் பக்கம் போகக் கூடாது என்று மருத்துவர் சொல்லியிருந்ததால் வலைக்குடிலுக்கு வெளியே ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார வைத்தார்கள். தண்ணியம்மா பக்கத்தில் நின்று ஊர்க்கதை பேசினார். "என்ன பாப்பா, மெலிஞ்சு மெலிஞ்சு குச்சியாயிட்ட. உங்கப்பா உன்னையே சீவிக் கட்டிரப் போறாரு." அவள் சிரித்த சத்தம் உள்ளே கேட்டது.

உள்ளே மாப்பிள்ளை இருந்தான். முந்தைய நாள் மருந்து வாங்க ஆஸ்பத்திரிக்குப் போனபோது பம்பு அறை மரத்தில் ஒடித்த குச்சியைக் கைக்குட்டையை நனைத்துச் சுற்றி, சாப்பாட்டு டப்பாவில் வைத்துக் கொண்டுவந்திருந்தான். தாய்மரத் தொட்டிகளுக்குப் பின்னால், மூலையில் நின்ற ஒரு நாற்றில் கட்டினான். அன்றைக்குப் பார்த்துக் கத்தி பிசகவில்லை. வாழ்நாளிலேயே சுத்தமாகக் கட்டிய மொட்டு அதுதான். தகட்டில் தேதியைக் கீறினான். பிறகு வட்டம். வட்டத்துக்குள் புள்ளி.

ஏன் அவள் அடையாளத்தைப் போட்டான்?

இந்தப் பாத்திரத்தை நம்பலாமா என்று எழுதுகிறவனுக்குச் சந்தேகம் வருவது இங்கேதான். கேட்கக் கேட்க ஒவ்வொரு பதிலாகக் கொடுக்கிறான்.

அவளுக்கான செடி, அதனால் அவள் பெயர், என்றான். பரிசுப் பொட்டலத்தில் எழுதுகிற மாதிரி. (தகடு அதற்கில்லை என்று முதல் நாளே சொல்லியிருந்தார்கள்.)

அவள் கட்டியது எதுவும் பட்டுப்போனதில்லை, அந்த ராசிக்காக, என்றான். (இது பாதி உண்மை.)

அவள் பிழைத்து வந்து முதல் பழத்தைப் பறித்து, யார் கட்டியது என்று தகட்டைப் பார்த்துச் சிரிக்க வேண்டும் என்றான். (இது உண்மை. இதைத்தான் அவன் தனக்குத்தானே அடிக்கடி சொல்லிக்கொண்டான்.)

கடைசியாக ஒன்று இருக்கிறது. வெளிக்குச்சி உள்ளே வந்தது தெரிந்தால் மாமனார் குதிப்பார். பெருக்கல் குறியைப் பார்த்தால் குதிப்பார். வட்டமும் புள்ளியும் பார்த்தால் குதிக்கமாட்டார். நோயாளி மகளை யார் திட்டுவார்கள்? ஆணியைப் பிடித்திருந்த அந்த ஒரு கணத்தில் இந்த எண்ணம் இருந்ததா? இருந்தது. சின்னதாக இருந்தது. மொட்டும் சின்னதுதான்.

அவளிடம் சொல்லவில்லை. முளை விட்டதும் காட்டலாம் என்று வைத்திருந்தான். நாடாவை அவிழ்க்கும் நாள் வருவதற்கு இரண்டு நாள் முன்னால் அவள் போய்விட்டாள்.

7

நான்கு மாதம் கழித்து மாமனார் அந்தச் செடியைக் கண்டுபிடித்தார்.

"மாப்ள, இங்க வாங்க. சீக்கிரம் வாங்க."

முழங்கால் உயரத்துக்குத் தளதளவென்று வளர்ந்திருந்தது. அவர் தகட்டை உள்ளங்கையில் ஏந்திப் பிடித்திருந்தார்.

"தேதியப் பாருங்க. அன்னிக்கு வந்து உக்காந்திருந்தால்ல, அன்னிக்கு. நம்ம கண்ணுல மண்ணத் தூவிட்டு எப்பவோ உள்ள வந்து கட்டிட்டுப் போயிருக்கா பாருங்க. மண்ணத் தொடாதன்னா கேப்பாளா அவ?"

அவள் போன பிறகு அவர் சிரித்து மாப்பிள்ளை பார்த்தது அன்றுதான்.

"அந்த முகத்தைப் பார்த்த எவனுக்கும் உண்மையைச் சொல்ல மனம் வந்திருக்காது" என்று ஒரு வாக்கியம் இங்கே இருந்தது. அது பொய். மனம் வருகிற ஆட்கள் இருக்கிறார்கள். அவள் இருந்திருந்தால் சொல்லியிருப்பாள்.

அதற்குப் பிறகு நடந்ததை வேகமாகச் சொல்லிவிடலாம். மகள் கடைசியாகக் கட்டிய செடி என்று மாமனார் அதன் மொட்டுகளை எடுத்தார். ஒன்றையும் வீணாக்காமல் அறுபத்திரண்டு நாற்றில் கட்டினார். வளர்ந்ததும் முப்பத்தொரு தோட்டக்காரர்களுக்கு ஆளுக்கு இரண்டு கொடுத்தார். "வெலயெல்லாம் கெடயாது. எம்பொண்ணு ஞாபகமா வெச்சுக்கங்க." தோட்டக்காரர்கள் வாங்கி, மற்ற மரங்களுக்கு நடுவில் நல்ல இடமாகப் பார்த்து நட்டார்கள். வண்டியில் ஏற்றியது மாப்பிள்ளை. ஏற்றும்போது ஒரு செடியில் ஓர் இலை மஞ்சளாக இருந்தது. சத்து பத்தல போல, என்று நினைத்துக்கொண்டான். நடுநரம்புக்கு இரண்டு பக்கமும் பார்க்கவில்லை. பார்க்காமல் இருக்க ஒரு முயற்சி வேண்டியிருந்தது. அந்த முயற்சி அவனுக்கு நன்றாக நினைவிருக்கிறது.

8

ஒரு மரத்தில் ஒரு கிளை மட்டும் மஞ்சளாகும். அப்படித்தான் தொடங்கும். முதல் தோட்டத்தில் தெரிந்தது, பிறகு நான்காவதில், பிறகு எண்ணவில்லை. செடியின் சாறு குடிக்கும் ஒரு பூச்சி இருக்கிறது. எள்ளுக்குச் சிறகு முளைத்த மாதிரி இருக்கும். நோயுள்ள இலையைக் குடித்துவிட்டு அடுத்ததைக் குடிக்கும். யாருடைய சட்டையிலோ ஒட்டிக்கொண்டு வலைக்குடிலுக்குள்ளும் வந்திருந்தது.

அரசாங்கத்திலிருந்து ஓர் ஆய்வாளர் அம்மா வந்தார். நெகிழி உறைகளில் இலை எடுத்துப் போனார். திரும்பி வந்தபோது கையில் காகிதமும் பின்னால் இயந்திரமும் இருந்தன. நாற்பத்து நான்கு தாய்மரமும் போயின. ஒன்பதாயிரம் நாற்றும் போயின. குழியில் போட்டு மூன்று நாள் எரித்தார்கள். ஆரஞ்சு இலையிலும் எண்ணெய் இருக்கிறது. எரிந்தபோது தெரு முழுக்க மணந்தது. போகிறவர்கள் மூக்கை உறிஞ்சி, "நல்ல வாசனையா இருக்கே," என்றார்கள்.

எரிப்பதற்கு முந்தி, மூலைச் செடியின் அருகே ஆய்வாளர் அம்மா நின்றார். "இதுதான் ஆரம்பம். யாரு கட்டினது இது?"

மாமனார் தகட்டைப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

"எம் பொண்ணு."

"அவங்களக் கூப்பிடுங்க."

"கூப்பிட முடியாதுங்கம்மா."

மாப்பிள்ளை இரண்டு அடி தள்ளி நின்றான். கையில் ஒரு மண்வெட்டி இருந்தது. அதன் பிடியில் ஒரு சிலாம்பு நீட்டிக்கொண்டிருந்தது. அதை நகத்தால் பிய்த்துக்கொண்டிருந்தான். இந்த விவரத்துக்குக் கதையில் வேலை இல்லை. அவன் பேச வேண்டிய நேரத்தில் என்ன செய்தான் என்று சொல்வதற்காக எழுதப்படுகிறது.

முதல் மௌனத்தை இரக்கம் என்று சொல்லித் தப்பித்தான். இரண்டாவதுக்கு அந்தப் பெயரும் ஒட்டவில்லை.

அந்த வாரம் டீக்கடையில் ஒரு தோட்டக்காரர் இவன் இருப்பது தெரியாமல் சொன்னார்: "செத்தும் குடுத்தவரப் பத்திக் கேள்விப்பட்டிருக்கோம். செத்தும் கெடுத்தவள இப்பத்தான்யா பாக்குறோம்." இரண்டு பேர் சிரித்தார்கள். மாப்பிள்ளை டீயைக் குடித்து முடித்தான். கண்ணாடிக் கிளாஸை மேசையில் சத்தம் வராமல் வைத்தான்.

9

"என்ன எழுதணும்னா மாப்ள," என்றார் மாமனார், ஒன்பது நாள் முன்பு. "எம் மகதான் கொண்டாந்தான்னு எழுதுங்க. சுத்தி வளைக்காம எழுதுங்க."

"அது எதுக்கு மாமா? 'தெரியாமல் வந்துவிட்டது'ன்னு போட்டா போதும்."

"அடுத்தவன் புள்ள செஞ்சிருந்தா நாம சும்மா விட்டிருப்பமா? பேரச் சொல்லித்தான பேசியிருப்போம். முப்பத்தொரு பேரு மரத்த வெட்டிட்டு வந்து உக்காந்திருப்பான். அவன் மூஞ்சிக்கு முன்னால 'வந்துவிட்டது'ன்னா, எப்படி, நடந்தா வந்துச்சு? யாரோ கொண்டாந்துதான வந்துச்சு. நான்தான் எந்திரிச்சு நின்னு வாசிப்பேன்."

எரிக்குமுன் கழற்றிச் சட்டைப்பையில் வைத்திருந்த தகட்டைத் தொட்டுப் பார்த்தார். பிறகு, "அவ அப்படிப்பட்டவ இல்ல," என்றார். "அதான் எனக்கு வெளங்கவே இல்ல. எத்தனை பேரக் கதவுலயே நிறுத்தி டப்பாவத் தொறந்து பாத்திருப்பா. எங்கிட்டயே கேட்டிருக்கா, 'அப்பா, பைல என்ன'ன்னு. உடம்பு முடியாமப் போனா புத்தியும் மாறிருமா மாப்ள?"

"தெரியல மாமா," என்றான் மாப்பிள்ளை.

எழுதியதிலேயே அசிங்கமான வரி இதுதான். கதைக்காக எதையும் கூட்டவில்லை.

10

இந்த இடத்துக்கு வந்த கதைகள் வாசகருக்கு முன் சில முடிவுகளை வைக்கும். வைத்துப் பார்ப்போம்.

முதலாவது. "ஒரு வழிப்போக்கர் கொண்டுவந்தார்" என்று எழுதிவிடுவது. யாருக்கும் வலிக்காது. நான்காம் பகுதியில் வந்த ஈரத்துணிக்காரர்களோடு இன்னொருவன் சேருவான். மாமனார் இதை ஒரு நிமிடத்தில் கிழித்துப்போடுவார். அவருக்குத் தகடு வேண்டும்.

இரண்டாவது. மாப்பிள்ளை சொல்கிறான். மாமனார் அறைகிறார். பிறகு இருவரும் அழுகிறார்கள். இதை எழுதிப் பார்த்தான். அறை விழுகிற வரிக்கு வந்தபோது மனம் லேசானது. அதனாலேயே நிறுத்தினான். அடி வாங்கிக் கணக்கைத் தீர்த்துக்கொள்கிற ஆசை அது.

மூன்றாவதுதான் ரொம்ப அழகு. மாமனாருக்கு முன்பே தெரியும். அவள் புள்ளி வைத்தால் தகடு ஓட்டையாகும் என்று மூன்றாம் பகுதியில் சொல்லியிருந்தது நினைவிருக்கிறதா? மாப்பிள்ளை வைத்த புள்ளியில் ஓட்டை இல்லை. மாமனார் அந்தத் தகட்டை இன்னும் சட்டைப்பையில் வைத்திருக்கிறார். ஒருநாள் வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கிறார். ஒளி வரவில்லை. புரிந்துகொள்கிறார். அவனே சொல்லட்டும் என்று காத்திருக்கிறார். துண்டறிக்கையே அதற்கு ஒரு சாக்கு.

இதை நம்பிவிடாதீர்கள். இது அவனுக்கு வசதியான முடிவு. முன்பே தெரிந்துவிட்டது என்றால் சொல்ல வேண்டிய வேலை இல்லை. அவர் தகட்டைப் பையில் வைத்திருப்பது உண்மை. ஏன் என்று யாரும் கேட்டதில்லை. மகள் தொட்டது என்று நினைத்து வைத்திருக்கலாம். அப்படியென்றால், அவனுடைய ஒரு சொல் அதையும் அவரிடமிருந்து பிடுங்கிக்கொள்ளும். அவள் கடைசியாகக் கட்டிய செடி என்று ஒன்று இல்லாமலே போய்விடும். பேசாமலிருக்க இது நல்ல காரணம். இந்தக் காரணத்தை ஒன்றரை வருடமாகப் பயன்படுத்தியாகிவிட்டது. தேய்ந்து போய்விட்டது.

11

இப்போது பிற்பகல் மூன்று மணி. பண்ணை அலுவலக அறை. காலியான நாற்றுத் தட்டுகள் சுவரோரம் அடுக்கப்பட்டிருக்கின்றன. மேசையின் இந்தப் பக்கம் மாப்பிள்ளை எழுதிக்கொண்டிருக்கிறான். அந்தப் பக்கம் மாமனார், ஆரஞ்சின் வரலாற்றைப் பதினான்கு பக்கமும் வாசித்துக்கொண்டிருக்கிறார். நீங்கள் வாசிக்கும் இந்தத் தாள்கள் மாப்பிள்ளையின் முழங்கைக்கு அடியில் இருக்கின்றன.

வரிக்கு அடியில் விரல் வைத்து வாசிக்கிறார். தண்ணியம்மா வாசலில் நின்று எட்டிப் பார்த்தார். நீர் விட இப்போது ஒன்றும் இல்லாவிட்டாலும் தினமும் வருகிறார்.

"இன்னும் முடியலையா தம்பி? நீங்க எழுதி முடிக்கறதுக்குள்ள ஆரஞ்சு மறுபடி மலையேறிப் போயிரும்."

"தேனீ கல்யாணம் பண்ணி வெச்சுதாம்மா, கேட்டியா," என்றார் மாமனார் தலையைத் தூக்காமல். "நல்லா எழுதியிருக்காரு. ஆனா எல்லாரும் குச்சிய ஈரத்துணியிலயே சுத்துறாங்களே மாப்ள. வாழைமட்டையிலயும் சுத்தலாம்."

பன்னிரண்டாம் பக்கத்தில் இருக்கிறார்.

இந்த வகைக் கதையை முடிக்க ஒரு வழக்கம் உண்டு. எழுதுகிறவன் பேனாவை வாசகரிடம் நீட்டுவான். முடிவு உங்கள் கையில் என்பான். மாப்பிள்ளையும் அப்படித்தான் நினைத்திருந்தான். முதல் பகுதியிலிருந்தே உங்களைக் கூப்பிட்டுப் பேசிக்கொண்டு வந்தது அதற்குத்தான். நீங்கள் ஒரு முடிவைச் சொல்லியிருப்பீர்கள். நல்லதாகவே சொல்லியிருப்பீர்கள். தகட்டில் இன்னொரு முறை வேறொருவருடைய அடையாளம் விழுந்திருக்கும்.

வேண்டாம்.

மாமனார் என்ன சொல்வார் என்பதும் இதில் இருக்காது. அந்த நேரத்தில் அவன் எழுதிக்கொண்டிருக்கக் கூடாது. நிமிர்ந்து அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும்.

பதினான்காம் பக்கம். விரல் கடைசி வரிக்கு வந்துவிட்டது. தாளைக் கவிழ்த்து வைக்கிறார். கண்ணாடியைக் கழற்றாமலேயே கையை நீட்டுகிறார்.

"மொதப் பக்கம் ஆச்சு. ரெண்டாவது பக்கம் எங்க மாப்ள?"

12

நோய் வந்த வழி

ஆஸ்பத்திரி பம்பு அறைக்குப் பின்னால் நின்ற மரத்தின் குச்சியை ஈரத்துணியில் சுற்றி இந்தப் பண்ணைக்குள் கொண்டுவந்தது நான். கொண்டுவராதே என்று அவள் சொன்னாள். சரி என்று சொல்லிவிட்டுக் கொண்டுவந்தேன். கட்டியது நான். தகட்டில் அவளுடைய அடையாளத்தைக் கீறியது நான். அறுபத்திரண்டு செடிகளை வண்டியில் ஏற்றியது நான். அவள் அன்று நாற்காலியை விட்டு எழுந்திருக்கவே இல்லை, மாமா.

×